விசிலக்கா பின்னால் நடந்த படம்

விசிலக்காவுக்குச் சிரிப்பு வந்துவிட்டால் அடக்கத் தெரியாது. அது அவளோடு கூடப் பிறந்த கோளாறு. பள்ளிக்கூடத்தில் எல்லோரும் கண்ணை மூடி நிற்கும் நேரத்தில் களுக்கென்று சிரித்துவிட்டு வெயிலில் முட்டி போட்டவள். பெரியப்பா இறந்த வீட்டில், மூலையில் யாரோ தாளக்கட்டோடு மூக்குறிஞ்சுவதைக் கேட்டு, கைக்குட்டையை வாயில் திணித்துக்கொண்டு குலுங்கியவள். "பாவம், பெரியப்பா மேல உசுரையே வச்சிருந்தா" என்று நாலு பேர் வந்து முதுகைத் தடவிக் கொடுத்தார்கள். தடவத் தடவக் குலுக்கல்தான் கூடியது. பிரசவ அறையில்கூட நர்ஸின் செருப்பு 'கீச், கீச்' என்றதில் அடக்கமாட்டாமல் போய்விட்டது. "அழுதுக்கிட்டே பெத்தவங்க ஊருல நிறைய பேரு. சிரிச்சுக்கிட்டே பெத்தவ நான் ஒருத்திதான்" என்று இன்றைக்கும் மகனிடம் சொல்லிக் காட்டுவாள்.

வேலை, நாலு மாடிக் கடைக் கட்டடத்தின் அடித்தளத்தில். வண்டி நிறுத்தும் இடம். வெளிச்சத்திலிருந்து சரிவில் இறங்கி வரும் கார்க்காரர்களுக்கு உள்ளே நுழைந்ததும் கண் கட்டிவிடும். தாழ்ந்த கூரை, ஆள் கட்டிப்பிடிக்க முடியாத தூண்கள், கோடு கோடாகக் கட்டங்கள். விசிலக்கா காருக்கு முன்னால் போய் நிற்பாள். வாயில் விசில், உயர்த்திய உள்ளங்கை. விரலை மடக்கி மடக்கி "வரலாம், வரலாம்" என்று கையாலேயே கூப்பிட்டபடி பின்னோக்கியே நடப்பாள். திரும்பிப் பார்க்கமாட்டாள். தூண் வந்தால் இடுப்பை ஒரு சிலுப்பு, படி வந்தால் குதிகாலை ஒரு தூக்கு. ஊரையே ஆட்டி வைக்கும் பெரிய மனுஷர்கள்கூட அவள் உள்ளங்கைக்கு முன்னால் தவழும் குழந்தைபோல வருவார்கள். "அக்காவுக்குப் பின்னந்தலையிலயும் ரெண்டு கண்ணு" என்று மேல்மாடிக் கடைப் பையன்கள் சொல்வார்கள். அப்படியொன்றும் இல்லை. பல வருஷமாகத் தினம் அதே தரையில் நடக்கிற காலுக்கு வழி தெரியாதா?

வீடு, கணவரின் சலூனுக்கு மேலே இரண்டு அறை. கணவர் சலூன்காரர், பேச்சுக்காரர். மகன் லிஃப்ட் பழுது பார்ப்பவன். நாளெல்லாம் ஏறி இறங்கிவிட்டு வந்து, வீட்டில் உட்கார்ந்தால் எழுந்திருக்கமாட்டான். நாலாவது ஆள் மருமகள். கடை விளம்பரம், பள்ளி ஆண்டு விழா என்று யாராவது எடுத்துக் கொடுக்கும் வீடியோக்களை வெட்டி ஒட்டிக் கொடுப்பது அவள் பிழைப்பு. காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தால் பக்கத்தில் இடி விழுந்தாலும் தெரியாது. வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்பதுபோல அளந்து பேசுவாள். மாமியாருக்கும் மருமகளுக்கும் இடையில் உரசல் கிடையாது, ஒட்டுதலும் கிடையாது. "வரேன் அத்தை", "போறேன் அத்தை" என்பதோடு சரி. இந்தப் பெண் சிரித்தே பார்த்ததில்லையே என்பதுதான் விசிலக்காவுக்கு ஒரே குறை. நல்ல நல்ல நகைச்சுவையெல்லாம் அந்த வீட்டில் வீணாகப் போய்க்கொண்டிருந்தது.

ஒருநாள் விசிலக்கா மூக்குக்கண்ணாடியை வீட்டிலேயே வைத்துவிட்டு வந்துவிட்டாள். அதைக் கொடுக்க மருமகள் அடித்தளத்துக்கு இறங்கி வந்தாள். அவள் அங்கே வருவது அதுதான் முதல் தடவை. வந்தவள் கண்ணாடியைக் கொடுக்காமல் தூணோரமாக நின்றுவிட்டாள். விசிலக்கா ஒரு நீளமான வெள்ளைக் காரைக் கூட்டிக்கொண்டு பின்னோக்கியே போய்க்கொண்டிருந்தாள். தண்ணீரில் மிதக்கிறவள்போல, ஒரு தடங்கல் இல்லாமல். மருமகள் இமை கொட்டாமல் பார்த்தாள். அடுத்த கார் வந்தது, அதையும் பார்த்தாள். அப்புறம் இன்னொன்று.

"என்னம்மா, வண்டி வாங்கப் போறியா?" என்று கேட்டாள் விசிலக்கா.

மருமகள் கண்ணாடியை அவள் கையில் வைத்துவிட்டுப் போய்விட்டாள். சாயந்தரம் சமையலறையில் வந்து நின்றாள்.

"அத்தை, நீங்க நடிக்கிறீங்களா?"

விசிலக்காவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள். "நானா? உன்கிட்டயா? மனசுல ஒண்ணு வச்சுக்கிட்டு வெளியில ஒண்ணு பேசுற பழக்கம் என்கிட்ட கிடையாதும்மா. என்ன நடிச்சேன், சொல்லு!"

மருமகளுக்கு விளங்கச் சற்று நேரம் ஆனது. "ஐயோ, அது இல்ல அத்தை. படத்துல. என் படத்துல நடிக்கிறீங்களான்னு கேட்டேன்."

அப்போதுதான் விஷயம் வெளியே வந்தது. பிழைப்புக்கு ஊரார் வீடியோவை வெட்டி ஒட்டினாலும், அவள் மனசுக்குள் சொந்தமாக ஒரு குறும்படம் ரொம்ப நாளாக ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. மருமகள் குழாயைத் திறந்து, தண்ணீர் விழுவதைச் செல்போனில் எடுத்து, அதைத் தலைகீழாக ஓட்டிக் காட்டினாள். தொட்டியில் கிடந்த தண்ணீர் துள்ளி எழுந்து குழாய்க்குள் ஏறியது. விசிலக்காவின் வாய் பிளந்தது.

"இதே மாதிரி ஒரு தெரு. எல்லாமே பின்னால போகுது. ஜனங்க, வண்டி, கொட்டின தண்ணி, எல்லாம். ஒரே ஒருத்தி மட்டும் முன்னால நடந்து வர்றா. பாக்கறவங்களுக்குச் சந்தேகம் வரணும். நேரம் பின்னால போகுதா? இல்ல, இவதான் தப்பா நடக்கறாளா?"

விசிலக்கா கொஞ்சம் யோசித்தாள். "அப்ப எடுக்கறப்ப மத்தவங்க எல்லாம் சும்மா அவங்கபாட்டுக்குப் போவாங்க. நான் மட்டும் பின்னால நடக்கணும். அதைத் திருப்பி ஓட்டுவே. சரியா?"

"சரிதான் அத்தை. நடனப் பள்ளிக்கூடத்துப் பொண்ணு ஒண்ணைப் பேசி வச்சிருந்தேன். ஒத்திகையில பின்னால நாலு எட்டு வச்சா, அஞ்சாவது எட்டுல விழுந்து கால் சுளுக்கிக்கிட்டா."

கீழே கடையைப் பூட்டிவிட்டு வந்த சலூன்காரர் இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தார். "கதை என்னம்மா?"

"கதை இல்ல மாமா."

"சண்டை?"

"இல்ல."

"பாட்டாவது உண்டா?"

"இல்ல மாமா."

"அப்ப ஜனங்க எதைத்தான் பாப்பாங்க?"

"நேரத்தை."

"நேரம் பாக்கச் சுவத்துல கடிகாரம் மாட்டியிருக்கேம்மா!" என்றார் சலூன்காரர். விசிலக்கா ஆரம்பித்துவிட்டாள். சிரித்துச் சிரித்துப் புரையேறி, தண்ணீர் குடித்து, அந்தத் தண்ணீர் குழாய்க்குள் திரும்பப் போவதை நினைத்து மறுபடி சிரித்து, அடுப்பில் இருந்தது கருகிப் போனது. மருமகள் மட்டும் கல்லுப்பிள்ளையார் மாதிரி நின்றாள். ஆனால் அவள் கண் பளபளவென்று இருந்ததை விசிலக்கா கவனித்தாள்.

அன்றிலிருந்து அந்த வீட்டுக்குப் பைத்தியம் பிடித்தது.

நடை ஒரு பிரச்சினையே இல்லை. பேச்சுதான் பெரும்பாடு. படத்தில் அவள் ஒரே ஒரு வார்த்தை பேச வேண்டும். தெருமுனை ஆரஞ்சுக் கடைக்காரரிடம் "சாப்பிட்டியா?" என்று கேட்க வேண்டும். படம் தலைகீழாக ஓடும்போது அது சரியாகக் கேட்க வேண்டுமென்றால், எடுக்கும்போது அதைத் தலைகீழாகச் சொல்ல வேண்டும். மருமகள் "சாப்பிட்டியா" என்று பதிவு செய்து திருப்பி ஓட்டினாள். செல்போன் சொன்னது: "ஆயிட்டிப்பாஸ்."

"யாரு பாஸு?" என்றான் மகன் கட்டிலில் படுத்தபடியே.

விசிலக்கா ஆயிட்டிப்பாஸ், ஆயிட்டிப்பாஸ் என்று பல் துலக்கும்போதும் துணி காயப்போடும்போதும் சொல்லிப் பார்த்தாள். அவள் சொன்னதைத் திருப்பி ஓட்டினால் முதலில் சீக்குக் கிளி பேசுவதுபோல இருந்தது. போகப் போகத் தெளிந்தது. அது தெளிந்ததும் ருசி கண்ட பூனையாகிவிட்டாள். வீட்டில் உள்ள எல்லா வார்த்தையையும் திருப்ப ஆரம்பித்தாள். காலையில் கணவர் முன்னால் போய் நின்று, "ஆமுணே வீட்?" என்பாள். டீ வேணுமா என்று அர்த்தம்.

"ஆமா" என்றார் அவர்.

செல்போனில் அதையும் திருப்பிப் போட்டுப் பார்த்தார்கள். "ஆமா" என்றே வந்தது. மறுபடி ஓட்டினார்கள். ஆமாவேதான்.

"பாத்தியா! எந்தப் பக்கத்துலேருந்து கேட்டாலும் உங்க மாமா ஒரே பதிலைத்தான் சொல்றாரு. நல்ல மனுஷன்!" என்றாள் விசிலக்கா.

மருமகளுக்கு என்ன தோன்றியதோ, செல்போனை வாங்கி, "மாமா" என்று சொல்லித் திருப்பிப் போட்டாள். செல்போன் பணிவாக, "ஆமாம்" என்றது.

சலூன்காரர் எழுந்து நின்றே விட்டார். "அட, கூப்பிடறதுக்குள்ளயே பதிலும் இருக்கே!" மகன் கட்டிலிலிருந்து உருண்டு இறங்கி வந்து செல்போனைப் பிடுங்கித் திரும்பத் திரும்பக் கேட்டான். மருமகளின் உதட்டோரம் லேசாக ஒரு கோணல் கோணியது. கோணியது என்று விசிலக்கா பிறகு அடித்துச் சொன்னாள். இல்லை என்று மருமகள் சாதித்தாள்.

படம் பிடிக்கிற நாள் வந்தது. ஞாயிற்றுக்கிழமை காலை, அவர்கள் தெருவிலேயே. வெட்டு ஒட்டு இல்லாமல் ஒரே மூச்சில் எடுக்க வேண்டும் என்பது மருமகளின் பிடிவாதம். விசிலக்கா கடை வரிசையை ஒட்டிச் சாலையில் பின்னால் நடந்து போவாள். எதிர்ப்பக்க நடைபாதையில், கடைக் கட்டடத்திலிருந்து கேட்டு வாங்கி வந்த சாமான் தள்ளுவண்டிக்குள் மருமகள் கேமராவோடு குந்தியிருப்பாள். மகன் அதைத் தள்ளிக்கொண்டு கூடவே வருவான். வழியில் சலூன். அங்கே சலூன்காரர் வாசலில் நாற்காலி போட்டு ஒருவருக்கு முடி வெட்டிக்கொண்டிருப்பார். படத்தில் தரையில் கிடக்கும் முடி பறந்து போய்த் தலையில் ஒட்டிக்கொள்ளும். தெருமுனையில் ஆரஞ்சுக் கடைக்காரர் கூடையைக் கவிழ்ப்பார். படத்தில் பழமெல்லாம் துள்ளிக் கூடைக்குள் குதிக்கும். அங்கே நின்று ஆயிட்டிப்பாஸ் சொன்னால் முடிந்தது.

முதல் தடவை, பாதி வழியில் ஒரு நாய் வந்து விசிலக்காவையே உற்றுப் பார்த்தது. மனிதர்கள் இப்படி நடந்து அது பார்த்ததில்லை போலும். அதுவும் ஓர் எட்டுப் பின்னால் வைத்துப் பார்த்தது. அவ்வளவுதான், விசிலக்கா நடுத்தெருவில் உட்கார்ந்துவிட்டாள். இரண்டாவது தடவை, நாய் இல்லை. நாய் நினைப்பு வந்துவிட்டது. மூன்றாவது தடவை ஆரஞ்சுக் கடைவரை ஒழுங்காகப் போய், வாயைத் திறந்து, 'ஆயி...' என்பதற்குள் ஆரஞ்சுக் கடைக்காரர் மரியாதையாக, "ஆயிடுச்சுக்கா" என்று பதில் சொல்லிவிட்டார்.

ஒவ்வொரு தடவைக்கும் சலூன்காரருக்குப் புதுத் தலை வேண்டும். வெட்டின முடி வெட்டினதுதானே! கூலி வேண்டாம், வந்து உட்காருங்கள் என்று தெருவில் போகிறவர்களையெல்லாம் பிடித்துப் பிடித்து வெட்டினார். மத்தியானத்துக்குள் தெருவே ஒட்ட வெட்டின தலையாக அலைந்தது. கடைசியில் மிச்சமிருந்தவர் அவருடைய மச்சான் ஒருத்தர்தான். அவருக்கும் நடுவில் மைதானம். ஓரத்தில் மட்டும் கொஞ்சம் வேலி.

"இதை வெட்டிட்டா எனக்குன்னு என்ன மச்சான் இருக்கு?" என்றார் அவர்.

"கலைக்காகக் கொடு" என்றார் சலூன்காரர்.

அதற்கு முந்தைய தடவையில் விசிலக்காவுக்கு ஒன்று நேர்ந்திருந்தது. அடித்தளத்தில் நடக்கும்போது கார் முகத்தையும் ஓட்டுகிறவர் கண்ணையும்தான் பார்ப்பாள். இங்கே பார்க்க ஒன்றுமில்லை. வெறும் தெரு, கண்ணுக்கு முன்னால் விலகி விலகிப் போய்க்கொண்டிருந்தது. பக்கத்துக் கடைகள் முதுகுப் பக்கத்திலிருந்து ஒவ்வொன்றாக வந்து, எட்டிப் பார்த்துவிட்டு ஓடின. திடீரென்று அவளுக்கு, தான் நடக்கவே இல்லை என்று தோன்றிவிட்டது. அவள் அப்படியே நிற்கிறாள். தெருவைத்தான் யாரோ பாயைச் சுருட்டுவதுபோல இழுத்துக்கொண்டு போகிறார்கள். ஸ்டேஷனில் பக்கத்து ரயில் கிளம்பும்போது நம் ரயில் நகர்கிற மாதிரி இருக்குமே, அந்த மாதிரி. வயிற்றுக்குள் ஜிவ்வென்று ஏறியது. வானம் ஒரு சுற்றுச் சுற்றியது. கையை நீட்டி எதையோ பிடிக்கப் போனாள்.

பிடித்தது மருமகளின் தோளை. தள்ளுவண்டியிலிருந்து எப்போது குதித்தாள், எப்போது சாலையைத் தாண்டி வந்தாள், தெரியவில்லை.

"அத்தை! என்ன பண்ணுது? போதும், விட்டுடலாம். படமும் வேணாம், ஒண்ணும் வேணாம்."

விசிலக்கா கண்ணை இறுக மூடிக்கொண்டாள். "இரு, இரு. ஒண்ணும் பண்ணாதே. ரொம்ப நல்லாயிருக்கு."

"தலை சுத்துதா?"

"தலை நிக்குது. மத்ததுதான் சுத்துது." கண்ணைத் திறந்தாள். "ஏம்மா, நீ சொன்னியே நேரம், அது, இதுதானா? நான் பாட்டுக்கு நிக்கறேன், அது பாட்டுக்கு ஓடுது. இத்தனை நாளா நான்தான் ஓடறேன்னு நெனச்சிக்கிட்டிருந்தேனே! எத்தனை ஓட்டம் ஓடினேன், சே! சும்மா நின்னிருக்கலாம்!"

அதைச் சொன்ன முகத்தில் அப்படியொரு ஏமாற்றம். சந்தையில் யாரோ தன்னை நன்றாக மொட்டை அடித்துவிட்டதுபோல. மருமகள் அந்த முகத்தைப் பார்த்தாள். அவள் தோள் குலுங்க ஆரம்பித்தது. முதலில் மூக்கு வழியாக ஒரு சத்தம், பிறகு தொண்டை வழியாக ஒன்று, அப்புறம் அணை உடைந்தது. குதிரை கனைப்பதுபோல இருந்தது அந்தப் பெண்ணின் சிரிப்பு. தெருவில் போனவர்கள் நின்று பார்த்தார்கள். இவ்வளவு நாள் அவள் ஏன் சிரிக்கவில்லை என்பது விசிலக்காவுக்கு அப்போது புரிந்தது. இப்படியொரு சிரிப்பை வைத்துக்கொண்டு யாரால்தான் வெளியே எடுக்க முடியும்! கனைப்பைக் கேட்டு விசிலக்கா சிரிக்க, அதைக் கேட்டு இவள் மேலும் கனைக்க, ஒருத்தி மேல் ஒருத்தி சாய்ந்து இருவரும் நடைபாதையில் சரிந்தார்கள். ஒட்ட வெட்டின தலைகள் சுற்றி நின்று, தண்ணீர் கொண்டு வா, விசிறு என்று கத்தின.

கடைசித் தடவைக்குக் கிளம்பினார்கள். மச்சானின் வேலியைத் தவிர வேறு முடி இல்லை, அடிபடாத ஆரஞ்சும் அதிகம் இல்லை. இது போனால் போனதுதான்.

விசிலக்கா நடந்தாள். சலூனைத் தாண்டினாள், மச்சான் கண்ணை மூடிக்கொண்டு கலைக்காகக் கொடுத்தார். நாய் இல்லை. சிரிப்பு இல்லை. எல்லாம் கூடி வருகிற நேரத்தில் பக்கத்துச் சந்திலிருந்து ஒரு கார் திரும்பித் தெருவுக்குள் நுழைந்தது. ஓட்டி வந்தவர் பல் டாக்டர். கடைக் கட்டடத்தின் இரண்டாவது மாடியில் அவருக்குக் கிளினிக். வருஷக்கணக்காக விசிலக்காவின் உள்ளங்கையைப் பார்த்தே வண்டி நிறுத்திப் பழகினவர். யோசனையில் வந்துகொண்டிருந்தவர் நிமிர்ந்து பார்த்தால், எதிரே விசிலக்கா பின்னால் நடந்துகொண்டிருக்கிறாள். அவர் ஒரு கேள்வி கேட்கவில்லை. வேகத்தைக் குறைத்து, பின்தொடர ஆரம்பித்தார்.

கண்ணுக்கு முன்னால் கார் வந்தால் விசிலக்காவின் கை சும்மா இருக்குமா? அது தானாக மேலே எழுந்தது. விரல்கள் மடங்கின. 'வரலாம், வரலாம்.'

எதிர்ப்பக்கத்தில் மகன் பதறிப்போய், "நிறுத்திடவா?" என்றான்.

"தள்ளுங்க! நிறுத்தாம தள்ளுங்க!" என்று தள்ளுவண்டிக்குள்ளிருந்து மருமகள் கிசுகிசுத்தாள்.

இப்படியே ஊர்வலம் தெருமுனைவரை போனது. நடையை நிறுத்த வேண்டிய இடம் வந்ததும் விசிலக்கா உள்ளங்கையைக் காட்டினாள். கார் சாதுவாக நின்றது. டாக்டர் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினார். ஆரஞ்சுக் கடைக்காரரிடம் சொல்ல வேண்டிய வார்த்தை விசிலக்காவின் நாக்கு நுனியில் தயாராக இருந்தது. எதிரே இருந்த முகத்தைப் பார்த்துத் தெளிவாகச் சொன்னாள்:

"ஆயிட்டிப்பாஸ்."

"என்னது?" என்றார் பல் டாக்டர்.

அதுக்கு மேல் தாங்குமா? விசிலக்கா காரின் மூக்கில் இரண்டு கையையும் ஊன்றிக்கொண்டு சிரித்தாள். கண்ணீர் கொட்டக் கொட்டச் சிரித்தாள். ஆரஞ்சுக் கடைக்காரரும் சிரித்தார், கூடையைக் கவிழ்க்க வேண்டும் என்பதே மறந்து போய். பிறகு ஞாபகம் வந்து அவசரமாகக் கவிழ்த்தார். பழங்கள் உருண்டு காருக்கு அடியில் போய் ஒளிந்துகொண்டன. டாக்டர் மட்டும், "எங்க நிறுத்தணும்னு சொல்லுங்கம்மா" என்று கேட்டுக்கொண்டேயிருந்தார்.

படம் கெட்டுவிட்டது என்று விசிலக்கா அன்று சாப்பிடும்போது ரொம்ப வருத்தப்பட்டாள். மருமகள் ஹெட்போனை மாட்டிக்கொண்டாள். ஆனால் அன்றும் மறுநாளும் கம்ப்யூட்டர் முன்னாலிருந்து அவ்வப்போது கனைப்புச் சத்தம் கேட்டது.

நூலகத்து மாடியில் ஒரு சின்ன அரங்கம். அங்கே ஒரு சாயந்தரம் குறும்படங்கள் காட்டினார்கள். குடும்பமே உடுத்திக்கொண்டு போனது. மச்சான் தொப்பி போட்டுக்கொண்டு வந்தார். பல் டாக்டரும் வந்தார். தன்னை எதற்காக அழைத்தார்கள் என்பது அவருக்கு அப்போதும் சரியாக விளங்கவில்லை. முதலில் ஒரு படம், முழுக்க முழுக்க ஒரு சுவர். சலூன்காரர் தூங்கிவிட்டார். அடுத்தது மருமகளின் படம். விசிலக்கா அவரை இடித்து எழுப்பினாள்.

திரையில் ஒரு பெண் காரின் மேல் கை ஊன்றிக் குலுங்கிக்கொண்டிருக்கிறாள். தலைகீழாக ஓடியதால் அவள் சிரிப்புச் சத்தம், மூச்சை உள்ளே உள்ளே இழுத்துத் தேம்புவதுபோலக் கேட்டது. கன்னத்துக் கண்ணீர் மேலே ஏறிக் கண்ணுக்குள் போனது. காருக்கு அடியிலிருந்து ஆரஞ்சுகள் வரிசையாக உருண்டு வந்து கூடைக்குள் குதித்தன. கொஞ்சம் கொஞ்சமாக அந்தப் பெண் அடங்கினாள், நிமிர்ந்தாள். காருக்குள் இருந்த கண்ணியமான மனிதர் தலையை நீட்டியபடி, "உதன்னெ" என்றார். அவள் அவரை அன்போடு பார்த்து, "சாப்பிட்டியா?" என்று கேட்டாள். அவர் தலை உள்ளே போனது. அவள் உள்ளங்கையை நீட்டியபடி முன்னால் ஓர் அடி வைத்தாள். கார் பின்னால் போனது. அவள் நடக்க நடக்க, அந்த ஒரு கையால் தள்ளுவதுபோல, அவ்வளவு பெரிய கார் தெரு நெடுகப் பின்வாங்கிக்கொண்டே போனது.

அரங்கம் ஓவென்று கத்தியது. மச்சானின் தலைக்கு முடி பறந்து வந்து ஒட்டியபோது கைதட்டல் கூரையைப் பிய்த்தது. அவர் தொப்பியைக் கழற்றி எழுந்து எல்லாப் பக்கமும் வணங்கினார்.

விசிலக்கா மட்டும் கத்தவில்லை. அவள் தன்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். எல்லாம் பின்னால் ஓடுகிற தெருவில், ஒருத்தி மட்டும் நேராக, நிதானமாக முன்னால் வந்துகொண்டிருந்தாள். தன் நடையை அவள் இதுவரை வெளியிலிருந்து பார்த்ததில்லை. "நானா அது? ராணி மாதிரி வர்றாளே!" என்று மருமகளின் காதில் சொன்னாள். நாற்காலியின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டாள். மறுபடியும் வயிற்றில் அந்த ஜிவ் ஏறியது.

படம் முடிந்ததும் மேடைக்குக் கூப்பிட்டார்கள். கேள்வி கேட்பவர் மைக்கை விசிலக்காவிடம் நீட்டினார். "நேரத்தைப் பத்தி நீங்க என்ன நினைக்கிறீங்கம்மா?"

விசிலக்கா மைக்கை வாங்கிக்கொண்டாள். வாயில் வந்ததைச் சொன்னாள். "நேரமா? அரை நாளுக்கு மேல நிறுத்தினா கட்டணம் தனிங்க."

அதற்கு எழுந்த சிரிப்பு அடங்குவதற்குள் ஒரு பெண் எழுந்து, "முதல்ல நீங்க அழறீங்களே, அது என்ன துக்கம்?" என்று கேட்டாள். பக்கத்திலிருந்தவன், "அழலை, சிரிக்கறாங்க" என்றான். "அழறாங்கப்பா, தேம்பற சத்தம் கேக்கலை?" "தோள் குலுங்கறதைப் பாரு!" அரங்கம் இரண்டு கட்சியாகப் பிரிந்துவிட்டது. விசிலக்கா இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் மாறி மாறித் தலையாட்டினாள். மருமகள் மைக்கைப் பிடித்துக்கொண்டு ஏதோ விளக்கம் சொல்ல ஆரம்பித்து, மாமியாரைப் பார்த்துவிட்டாள். அப்புறம் மைக்கில் கேட்டது கனைப்பு மட்டும்தான்.

படத்துக்கு ஓர் ஆறுதல் பரிசு கிடைத்தது. வேறு இரண்டு மூன்று ஊர்களில் காட்டக் கேட்டார்கள். அடித்தளத்துக்கு வருகிறவர்கள், "அக்கா, என் வண்டியையும் கொஞ்சம் கையால தள்ளுங்க" என்று கேட்டு, அவள் உள்ளங்கைக்கு முன்னால் ரிவர்ஸில் போய்க் காட்டினார்கள். பல் டாக்டர், அடுத்த படம் எப்போது என்று விசாரித்துவிட்டுத்தான் லிஃப்டில் ஏறினார்.

அடுத்த படம் மருமகளின் மண்டையில் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தது. ஊரே தலைதெறிக்க ஓடுகிறது; ஒரு வீட்டுக்குள் மட்டும் நேரம் கூழாய் உறைந்துபோய், நாலு பேரும் நத்தையாக நகர்கிறார்கள். அதற்கு வீட்டிலேயே ஒத்திகை நடந்தது. ஒரே ஒரு விதிதான்: மருமகள் 'போதும்' என்று சொல்லும்வரை யாரும் வேகம் எடுக்கக் கூடாது. ஒருநாள் காலையில் எல்லோரும் ஆரம்பித்தார்கள். சலூன்காரர் மெல்ல மெல்ல மூக்கைச் சொறியக் கையைத் தூக்கினார். மகன் கட்டிலிலிருந்து எழுந்துகொண்டேயிருந்தான். மருமகள் அடுத்த அடிக்காகப் பாதத்தை உயர்த்தி, அதை அந்தரத்தில் வைத்துக்கொண்டிருந்தாள்.

அப்போதுதான் விசிலக்கா பார்த்தாள். அடுப்பில் பால் நுரை கட்டிக்கொண்டு எழும்பிக்கொண்டிருந்தது.

"பா... ஆ... ஆ..." என்று ஆரம்பித்தாள், விதிப்படி, ஆற அமர. நாலு தலையும் மெதுவாக அடுப்புப் பக்கம் திரும்பின. நாலு கையும் மெதுவாக நீண்டன. பால் மட்டும் விதியை மதிக்கவில்லை. அது பொங்கி, வழிந்து, அடுப்பை அணைத்து, மேடையில் ஓடி, தரையில் சொட்ட ஆரம்பித்தது. நாலு பேரும் அதை நோக்கி, கண்ணில் நீர் முட்ட, உதட்டைக் கடித்துக்கொண்டு, நத்தையாகப் போய்க்கொண்டிருந்தார்கள்.